ஜப்பானியக் கட்டடக்கலை: மரபும் நவீனமும் – அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

ஜப்பானியக் கட்டடங்களைப் பற்றி வாசகர்கள் கேட்கும் கேள்விகள் பலவாக இருந்தாலும், அவற்றுள் பெரும்பாலானவை ஒரே புதிரில் வந்து நிற்கின்றன: மரத்தால் ஆன கோவில் ஒன்று ஆயிரத்து முந்நூறு ஆண்டுகளாக நிற்கும் அதே நாட்டில், எஃகாலும் கான்கிரீட்டாலும் எழுப்பிய புகழ்பெற்ற கோபுரம் ஐம்பதே ஆண்டுகளில் இடிக்கப்படுவது எப்படி? கட்டுமானப் பொருளின் வலிமை மட்டும் இதற்கு விடை ஆகாது என்பதும், கட்டடத்தைப் பழுது பார்த்துப் புதுப்பிப்பதற்கான மனிதர்களும் ஏற்பாடும் இருந்தனவா என்பதே முதன்மையான கேள்வி என்பதும் என் கருத்து. கீழுள்ள விடைகள் அந்தக் கருத்தின் வழியே எழுதப்பட்டவை.

ஜப்பானிய மரபுக் கட்டடத்தின் அடிப்படை இயல்புகள் எவை?

தூணும் உத்தரமும் சேர்ந்த மரச்சட்டகமே கட்டடத்தின் உடல். கூரையின் பாரம் முழுவதையும் அந்தச் சட்டகம் ஏற்றுக்கொள்வதால், சுவர்கள் பெரும்பாலும் பாரம் தாங்குவதில்லை. அவற்றைத் தள்ளித் திறக்கலாம், கழற்றி வைக்கலாம், காகிதத்தால்கூட அமைக்கலாம். தரை மண்ணிலிருந்து உயர்த்தப்பட்டிருக்கும். இறவாணம் சுவரைத் தாண்டி வெகுதூரம் வெளியே நீண்டிருக்கும். கோடையின் தொடக்கத்தில் பெய்யும் நீண்ட மழை, அதன்பின் வரும் புழுக்கம், இலையுதிர்காலத்துப் புயல்கள் ஆகியவற்றை எண்ணிப் பார்த்தால் இவை ஒவ்வொன்றுக்கும் காரணம் விளங்கும். நாட்டின் நிலப்பரப்பில் ஏறத்தாழ மூன்றில் இரண்டு பங்கு இன்றும் காடாக இருப்பதால் மரத்துக்குப் பஞ்சமில்லை. கல் பயன்படாமல் இல்லை. கோட்டைகளின் அடித்தளங்களிலும் தூண்களுக்குக் கீழேயும் அது உண்டு. ஆயினும் மனிதர் வாழும் இடத்தை மூடியது மரமும் மண்ணும் புல்லும் காகிதமும்தான்.

ஷின்தோ ஆலயத்துக்கும் பௌத்தக் கோவிலுக்கும் கட்டட அமைப்பில் என்ன வேறுபாடு?

பௌத்தம் 6-ஆம் நூற்றாண்டில் கொரியத் தீபகற்பத்தின் வழியாக ஜப்பானுக்கு வந்தபோது, அதனுடன் கல்மேடை, ஓட்டுக்கூரை, சிவப்பு வண்ணம் பூசிய தூண்கள், அடுக்கடுக்கான போதிகைகள் ஆகியவையும் வந்தன. அதற்கு முந்தைய மரபைப் பேணும், ஜப்பானின் சொந்தச் சமயமான ஷின்தோவின் ஆலயங்களில் வண்ணம் பூசாத மரமும், புல்லோ மரப்பட்டையோ வேய்ந்த கூரையும் காணப்படும். வாயிலில் ‘தோரீ’ என்னும் வளைவு நிற்கும். பிற்காலத்தில் இரு மரபுகளும் ஒன்றிலிருந்து ஒன்று நிறையவே எடுத்துக்கொண்டன. ஆகையால் நிறத்தை மட்டும் பார்த்து இது இன்னது என்று முடிவு கட்டிவிட முடியாது.

உலகின் மிகப் பழைய மரக்கட்டடம் ஜப்பானில் இருப்பது உண்மையா?

நாரா அருகே உள்ள ஹோர்யூஜி கோவிலின் மேற்கு வளாகத்தில் இன்று நிற்கும் மரக்கட்டடங்களே உலகில் எஞ்சியுள்ளவற்றுள் மிகப் பழையவை என்று பொதுவாக ஏற்கப்படுகிறது. கோவில் 607-இல் நிறுவப்பட்டது. 670-இல் தீக்கிரையானதாகப் பழைய வரலாற்றுக் குறிப்பு கூறுகிறது. அதன்பின் எழுந்தவையே இப்போதுள்ள பொற்கூடமும் ஏறத்தாழ 32 மீட்டர் உயரமுள்ள ஐந்தடுக்குக் கோபுரமும். கோபுரத்தின் நடுமரம் 594-இல் வெட்டப்பட்டது என்று மரத்தின் ஆண்டு வளையங்களைக் கணித்த ஆய்வாளர்கள் கண்டறிந்துள்ளனர்.

இவ்வளவு காலம் நிற்பதற்கு ‘ஹினோக்கி’ என்னும் ஜப்பானியச் சைப்ரஸ் மரத்தின் இயல்பு ஒரு காரணம். மெல்லிய நறுமணமும் நேரான இழையும் கொண்ட இம்மரம் எளிதில் உளுத்துப்போவதில்லை; வெட்டிய பின்னும் ஏறத்தாழ இருநூறு ஆண்டுகள் வரை அதன் வலு சற்றே கூடிக்கொண்டிருந்து, பிறகுதான் மெல்லக் குறையும் என்று ஜப்பானிய மர ஆய்வாளர்கள் காட்டியிருக்கிறார்கள். ஆனால் மரம் எவ்வளவு நல்லதாக இருந்தாலும், கவனிக்க ஆளில்லாவிட்டால் கூரை ஒழுகும் ஒரு மழைக்காலமே கோபுரத்தை அழிக்கத் தொடங்கப் போதும். ஹோர்யூஜியை ஒவ்வொரு சில நூற்றாண்டுக்கும் ஒருமுறை பெரிய அளவில் பிரித்துப் பழுது பார்த்திருக்கிறார்கள். கடைசியாக நடந்த பெரும் திருப்பணி 1934-இல் தொடங்கி 1985 வரை நீடித்தது. அதன் நடுவே, 1949 ஜனவரியில், பொற்கூடத்தில் தீப்பற்றிப் பழம்பெரும் சுவரோவியங்கள் கருகின. அந்தப் பேரிழப்பே அடுத்த ஆண்டில் பண்பாட்டுச் சொத்துப் பாதுகாப்புச் சட்டம் பிறப்பதற்கு உந்துதலாக அமைந்தது.

அந்தத் திருப்பணிகளைச் செய்தவர்கள் யார்?

ஆலயங்களையும் கோவில்களையும் மட்டுமே கட்டும் தச்சர்களை ‘மியாதைக்கு’ என்று அழைப்பர். ஹோர்யூஜிக்கு உரிய தச்சர் குடும்பத்தில் பிறந்த சுனேகாசு நிஷியோகா (1908–1995) அவர்களுள் மிகவும் அறியப்பட்டவர். மலையின் தென்சரிவில் வளர்ந்த மரத்தைக் கட்டடத்தின் தென்பக்கத்திலும், வடசரிவில் வளர்ந்ததை வடபக்கத்திலும் நிறுத்த வேண்டும் என்பன போன்ற விதிகளை அவர் எழுத்தில் அல்லாமல் தம் பாட்டனாரிடமிருந்து வாய்மொழியாகவே கற்றார்.

நாராவின் யாகுஷிஜி கோவிலில், 8-ஆம் நூற்றாண்டின் கிழக்குக் கோபுரத்துக்கு இணையாக, அழிந்துபோன மேற்குக் கோபுரத்தை 1981-இல் மீண்டும் எழுப்பியபோது, அவர் புதியதைப் பழையதைவிடச் சற்று உயரமாகவே கட்டினார். புதிய மரம் காய்ந்து சுருங்கும், கூரையின் பாரத்தால் இணைப்புகள் இறுகும், அடிநிலமும் அமுங்கும். பல நூற்றாண்டுகள் கழிந்தபின் இரண்டு கோபுரங்களும் ஒரே உயரத்துக்கு வரும் என்பது அவருடைய கணக்கு. தாம் காணப்போவதில்லை என்று தெரிந்த ஓர் ஆண்டை இலக்காக வைத்து உளி பிடிக்கும் இந்த மனநிலையை, ஜப்பானியத் தச்சுக்கலையின் மிக உயர்ந்த கூறாக நான் மதிக்கிறேன். மரக்கட்டடங்களைப் பேணும் மரபுத் திறன்களை யுனெஸ்கோ 2020-இல் மானுடத்தின் அருவப் பண்பாட்டு மரபுரிமைகளின் பட்டியலில் சேர்த்தது.

இசே ஆலயத்தை இருபது ஆண்டுகளுக்கு ஒருமுறை இடித்துக் கட்டுவது ஏன்? அப்படியானால் அதைப் பழைய கட்டடம் என்று சொல்லலாமா?

மியே மாவட்டத்திலுள்ள இசே பேராலயத்தில், முதன்மைச் சன்னிதிக்கு அருகருகே ஒரே அளவுள்ள இரண்டு மனைகள் உண்டு. ஒன்றில் ஆலயம் நிற்கும்போது மற்றது வெள்ளைக் கூழாங்கற்கள் பரப்பிய வெற்று நிலமாக இருக்கும். இருபது ஆண்டுகள் நிறையும்போது, வெற்று மனையில் அதே வடிவில், அதே அளவில் புதிய ஆலயம் எழுப்பப்பட்டு, இரவு நேரச் சடங்கில் தெய்வம் அங்கு எழுந்தருளச் செய்யப்படுகிறது. அதன்பின் பழையது பிரிக்கப்படுகிறது. முதல் புதுப்பிப்பு 690-இல், ஜிதோ பேரரசியின் காலத்தில் நடந்தது. உள்நாட்டுப் போர்கள் மலிந்த 15, 16-ஆம் நூற்றாண்டுகளில் நூறாண்டுகளுக்கும் மேலாகத் தடைபட்டபோதிலும் மீண்டும் உயிர்பெற்றது. 62-ஆவது புதுப்பிப்பு 2013-இல் நிறைவேறியது. அடுத்தது 2033-இல் வரும். அதற்கான மரம் வெட்டும் சடங்குகள் 2025-இலேயே தொடங்கிவிட்டன.

நடைமுறைக் காரணங்களும் உண்டு. இசேயின் தூண்கள் கல்லின் மேல் நிற்காமல் நேரே மண்ணில் நடப்படுபவை; கூரை புல்லால் வேயப்படுவது; எனவே இரண்டும் நெடுங்காலம் தாங்கா. ஆனால் இருபது ஆண்டு என்னும் இடைவெளி தச்சர் ஒருவரின் வாழ்க்கைக்கும் மிகப் பொருத்தமானது: இளைஞராக இருக்கும்போது கற்பவர், நடுவயதில் பொறுப்பேற்றுச் செய்து, முதுமையில் மேற்பார்வையிடலாம். ஆலயத்துடன் நெசவு, உலோக வேலை, அரக்குப் பூச்சு முதலியவற்றால் ஆன காணிக்கைப் பொருள்களும் புதிதாகச் செய்யப்படுவதால், அத்தொழில்கள் அனைத்தும் அறுபடாமல் தொடர்கின்றன.

மரத்துக்கும் ஏற்பாடு உண்டு. ஒவ்வொரு முறையும் பத்தாயிரத்துக்கும் மேற்பட்ட ஹினோக்கி மரங்கள் தேவைப்படுவதால், ஆலயத்துக்கு உரிய காட்டிலேயே அவற்றை வளர்க்கும் இருநூறு ஆண்டுத் திட்டம் 1920-களில் தொடங்கப்பட்டது. 2013-இல் பயன்பட்ட மரத்தின் ஒரு பகுதி அக்காட்டிலிருந்தே வந்தது. கழற்றிய மரமும் வீணாவதில்லை. சன்னிதியின் பெருந்தூண்கள் உஜி பாலத்தின் முகப்புகளில் நிற்கும் தோரீ வளைவுகளாக மறுபிறவி எடுக்கின்றன. மற்றவை நாட்டின் பிற ஆலயங்களுக்கு அனுப்பப்படுகின்றன.

இசேயின் மரம் இளையது. வடிவமும் கைத்திறனும் பழையன. பழைமை என்பது மூலப்பொருளில் மட்டும் இல்லை என்னும் இக்கருத்தை உலக மரபுச் சின்னத் துறையும் எண்ணிப் பார்க்க வேண்டியதாயிற்று. 1994-இல் நாராவில் கூடிய வல்லுநர்கள் வெளியிட்ட ஆவணம், ஒரு சின்னத்தின் உண்மைத்தன்மையை அந்தந்தப் பண்பாட்டின் அளவுகோலால் மதிப்பிட வேண்டும் என்று எடுத்துரைத்தது.

ஜப்பானியர் ஆணியே இல்லாமல் கட்டினார்கள் என்பது உண்மையா?

முழு உண்மை அன்று. ஹோர்யூஜியிலேயே கொல்லர் அடித்த இரும்பு ஆணிகள் உள்ளன. அவை ஆயிரம் ஆண்டுக்கு மேலாகியும் உறுதியாக இருந்ததைத் திருப்பணியின்போது கண்டு வியந்தனர். ஆனால் சட்டகத்தைச் சேர்த்துப் பிடிப்பது ஆணி அன்று. மரத்தோடு மரத்தைப் பூட்டும் இணைப்புகளே அப்பணியைச் செய்கின்றன.

ஓர் எடுத்துக்காட்டை அருகில் சென்று பார்ப்போம். பழைய கட்டடத்தில் முதலில் கெடுவது தூணின் அடிப்பாகம். மண்ணின் ஈரத்தாலும் கரையானாலும் ஒரு முழ உயரத்துக்கு உளுத்துப்போகும். தச்சர் தூணை முழுவதும் மாற்றமாட்டார். மேற்கட்டைத் தாங்கிப்பிடித்து, கெட்ட பகுதியை அறுத்தெடுத்து, எஞ்சிய தூணின் கீழ்முனையைப் படிபோன்ற வடிவில் செதுக்குவார். புதிய மரத்துண்டின் மேல்முனையையும் அதற்கு எதிரிணையாகச் செதுக்கி, பக்கவாட்டில் நகர்த்தி இரண்டையும் கோத்ததும், நடுவில் ஒரு சிறிய சதுரத் துளை தோன்றும். அத்துளைக்குள் கடினமான மரத்தால் ஆன ஆப்பை அடித்து இறக்கும்போது, இரு துண்டுகளும் ஒன்றையொன்று நெருக்கிப் பூட்டிக்கொள்கின்றன. பசை இல்லை, உலோகம் இல்லை. ஐம்பது ஆண்டோ நூறு ஆண்டோ கழித்து மறுபடியும் அடிமரம் கெட்டால், ஆப்பைத் தட்டி எடுத்து அந்தத் துண்டை மட்டும் மாற்றிவிடலாம். பழுது பார்க்க வேண்டியிருக்கும் என்று முன்கூட்டியே ஏற்றுக்கொண்டு வடிவமைக்கப்பட்ட இணைப்பு இது.

அடுக்குக் கோபுரங்கள் நிலநடுக்கத்தில் விழாமல் நிற்பது எப்படி?

இதற்கான முழு விளக்கத்தில் பொறியாளர்களிடையே இன்னும் கருத்து வேறுபாடு இருக்கிறது. உறுதியாகச் சொல்லத்தக்கவை சில உண்டு. கோபுரத்தின் அடுக்குகள் ஒன்றின்மேல் ஒன்றாக வைக்கப்பட்டவை. ஒரே தூண் எல்லா அடுக்குகளையும் தாங்கிச் செல்வதில்லை. நடுவே எழும் பெருமரம் உச்சியிலுள்ள உலோக முடியைத் தாங்குகிறதே தவிர, அடுக்குகளின் பாரத்தை ஏற்பதில்லை. நிலம் குலுங்கும்போது அடுக்குகள் தனித்தனியே அசைய, ஆயிரக்கணக்கான இணைப்புகள் ஒன்றோடொன்று உராய்ந்து அதிர்வின் ஆற்றலைத் தின்றுவிடுகின்றன. நிக்கோவில் 1818-இல் எழுப்பிய கோபுரத்தில் நடுமரம் தரையைத் தொடாமல் மேலிருந்து சங்கிலியால் தொங்கவிடப்பட்டிருக்கிறது.

2012-இல் திறக்கப்பட்ட, 634 மீட்டர் உயரமுள்ள தோக்கியோ ஸ்கைட்ரீயில், மையத்தில் 375 மீட்டர் உயரத்துக்கு ஒரு கான்கிரீட் உருளை எழுகிறது. அதன் மேற்பகுதி வெளிச்சட்டகத்திலிருந்து பிரிந்து, எண்ணெய் நிரப்பிய அதிர்வுத்தாங்கிகளால் மட்டுமே இணைக்கப்பட்டு, கோபுரம் ஆடும்போது அதற்கு எதிரான எடையாகச் செயல்படுகிறது. பழைய கோபுரங்களின் நடுமரத்தை நினைவூட்டும் பெயரையே அந்த முறைக்கு இட்டிருக்கிறார்கள்.

மரத்தின் உண்மையான எதிரி நிலநடுக்கம் அன்று, தீ. நாராவின் தோதைஜி கோவிலில், இந்தியாவிலிருந்து சென்ற துறவி போதிசேனர் 752-இல் கண்திறந்து வைத்த பெரும் புத்தரின் மண்டபம், 1180-இலும் 1567-இலும் போர்த்தீயில் அழிந்தது. 1709-இல் நிறைவெய்திய இப்போதைய மண்டபம் 57 மீட்டர் அகலமுடையது. முதல் மண்டபமோ ஏறத்தாழ 86 மீட்டர் அகலம் கொண்டிருந்தது.

மரபு வீட்டின் உட்புறம் எப்படி அமைந்திருக்கும்?

அளவுகோல் தத்தாமி பாய். வைக்கோலை அழுத்திச் செய்த தடித்த மெத்தையின் மேல் கோரைப்பாய் போர்த்தி, ஓரத்தில் துணி தைத்திருப்பார்கள். கியோத்தோ வழக்கில் அது ஏறத்தாழ 191 செ.மீ. நீளமும் 95.5 செ.மீ. அகலமும் உடையது, தோக்கியோ பக்கத்தில் சற்றுச் சிறியது. நீளம் அகலத்தின் இருமடங்கு என்பதால் அறையை நான்கரைப் பாய், ஆறு பாய், எட்டுப் பாய் என்று எண்ணிச் சொல்ல முடிகிறது. வாடகை விளம்பரங்களில் இன்றும் அப்படியே எழுதுகிறார்கள். தூண்களின் இடைவெளி, கதவின் அகலம், மேற்கூரைப் பலகை ஆகிய அனைத்தும் இந்த அளவோடு ஒத்துப்போவதால், தச்சர் சிறிய வரைபடம் ஒன்றை வைத்துக்கொண்டே முழு வீட்டையும் கட்டிவிட முடிந்தது.

வெளிச்சத்தை வடிகட்டும் காகிதக் கதவு ‘ஷோஜி’; அறைகளைப் பிரிக்கும் கனத்த தள்ளுகதவு ‘ஃபுசுமா’. தோட்டத்தை நோக்கிய ஓரத்தில் ‘எங்காவா’ என்னும் மரத்தளம் ஓடும். நம் வீட்டுத் திண்ணையைப் போல அதுவும் வீட்டுக்கும் வெளிக்கும் பொதுவான இடம். சாமுராய் வீடுகளிலும் துறவியர் உறைவிடங்களிலும் உருவான ‘ஷோயின்’ பாணி, ஓவியம் தொங்கவிடும் மாடத்தையும் எழுத்துமேடையையும் கொண்டு மதிப்பை வெளிப்படுத்தியது. அதைத் தளர்த்தி எளிமையாக்கியது ‘சுகியா’ பாணி. 17-ஆம் நூற்றாண்டில் இளவரசர் தோஷிஹிதோவும் அவர் மகன் தோஷிதாதாவும் கியோத்தோவில் அமைத்த கட்சுரா மாளிகை இதன் உச்சம். 1933-இல் அதைக் கண்ட ஜெர்மானியக் கட்டடக் கலைஞர் புரூனோ தாவுட், நவீனக் கட்டடக்கலை தேடிக்கொண்டிருந்த தெளிவு இங்கே முன்பே இருப்பதாகப் போற்றினார்.

தேநீர் அறை இவ்வளவு சிறியதாக இருப்பது ஏன்?

சென் நோ ரிக்யூ (இறப்பு 1591) தேநீர்ச் சடங்கைச் செல்வக்காட்சியிலிருந்து விடுவிக்க விரும்பினார். அவர் அமைத்ததாகக் கருதப்படும் ‘தாய்-ஆன்’ கியோத்தோவுக்குத் தெற்கே யாமசாக்கியில் இருக்கிறது. அதன் பரப்பு இரண்டே பாய்கள். மண்சுவரில் வைக்கோல் துணுக்குகள் தெரியும். மாடத்தின் உள்மூலைகளையும் மண் பூசி மழுக்கியிருப்பதால் சுவர் எங்கே முடிகிறது என்று கண் உறுதி செய்யாது. உள்ளே செல்லும் வாயில் 70 – 80 செ.மீ. அளவே இருப்பதால், எந்தப் பிரபுவும் வாளை வெளியே விட்டுவிட்டு, முழங்காலிட்டுத் தவழ்ந்தே நுழைய வேண்டும்.

எளிய மக்களின் வீடுகள் எப்படி இருந்தன?

ஊருக்கு ஊர் வேறுபட்டன. கியோத்தோ வணிகரின் வீடு தெருவை நோக்கிக் குறுகி, பின்னோக்கி நீண்டு, நடுவில் சிறு முற்றத்துத் தோட்டம் கொண்டிருக்கும். பனி கொட்டும் ஷிராகாவா பள்ளத்தாக்கிலோ, ஏறத்தாழ 60 பாகைச் சரிவில் எழும் பிரம்மாண்டமான புல்கூரைகள். அவற்றின் அடியிலுள்ள பரண்களில் பட்டுப்புழு வளர்த்தனர். கைமரங்களை ஆணியால் அடிக்காமல் கயிற்றாலும் வளையும் கிளைகளாலும் கட்டினர். கூரை மாற்றும் நாளில் ஊரே கூடி, ஒரு வீட்டார் மற்ற வீட்டாருக்கு உழைப்புக் கடன் பட்டு, வேலையை முடித்துத் தந்தது. அவ்வூர் 1995-இல் உலக மரபுரிமைச் சின்னம் ஆயிற்று. கியோத்தோவின் வணிகர் வீடுகளுக்கு அத்தகைய காப்பு வாய்க்கவில்லை. ஆண்டுதோறும் நூற்றுக்கணக்கில் இடிபடுகின்றன என்பது வருத்தத்துக்குரியது.

மேலைநாட்டுக் கட்டடமுறை எப்போது வந்தது?

மெய்ஜி ஆட்சி 1868-இல் தொடங்கியதும் அரசே அதை வரவழைத்தது. 1877-இல் வந்த ஆங்கிலேயர் ஜோசையா காண்டர், முதல் தலைமுறை ஜப்பானியக் கட்டடக் கலைஞர்களைப் பயிற்றுவித்தார். அவருடைய மாணவர் கிங்கோ தாட்சுனோ வடிவமைத்த தோக்கியோ ரயில் நிலையம் 1914-இல் திறக்கப்பட்டது. ஆனால் 1891-இல் நோபி சமவெளியில் ஏற்பட்ட நிலநடுக்கம், வெறும் செங்கல் கட்டடங்களை நொறுக்கி, ஐரோப்பிய முறையை அப்படியே பின்பற்ற முடியாது என்று காட்டிவிட்டது. 1923 செப்டம்பர் 1-ஆம் நாள் தோக்கியோவையும் சுற்றுப்புறத்தையும் தாக்கிய காந்தோ பெரும் நிலநடுக்கத்தில் ஒரு இலட்சத்துக்கும் மேற்பட்டோர் மாண்டனர். அவர்களுள் பெரும்பாலோர் தீக்கு இரையானவர்கள். அடுத்த ஆண்டே நிலநடுக்க விசையைக் கணக்கிட்டுத்தான் கட்ட வேண்டும் என்ற விதி சட்டத்தில் சேர்ந்தது. உயரத்துக்கு இருந்த 31 மீட்டர் வரம்பு 1963-இல்தான் தளர்த்தப்பட்டது. 36 மாடிகள் கொண்ட கசுமிகாசெக்கி கட்டடம் 1968-இல் எழுந்தது.

போருக்குப் பிந்தைய நவீனக் கட்டடங்களில் மரபின் சாயல் உண்டா?

உண்டு, ஆனால் வளைந்த கூரையைக் கான்கிரீட்டில் நகலெடுப்பதை நான் மரபாகக் கொள்ளவில்லை. கென்சோ தாங்கே 1958-இல் முடித்த ககாவா மாவட்ட அரசு அலுவலகத்தைப் பாருங்கள். ஒவ்வொரு மாடியின் வெளிப்புறத்திலும் கான்கிரீட் உத்தரங்களின் முனைகள் வரிசையாக வெளியே நீண்டிருக்கின்றன. மரச்சட்டகத்தின் இலக்கணம் அங்கே வேறு பொருளில் பேசுகிறது. தரைத்தளத்தைத் தூண்களின் மேல் உயர்த்தி, ஊர்மக்கள் நடமாடத் திறந்துவிட்டிருக்கிறார். ஹிரோஷிமா அமைதி நினைவு அருங்காட்சியகமும் (1955), இரு பெருந்தூண்களிலிருந்து எஃகு வடங்களால் கூரை தொங்கும் யோயோகி விளையாட்டரங்கமும் (1964) அவருடையவையே. கட்டடக்கலையின் மிக உயரிய விருதாகக் கருதப்படும் பிரிட்ஸ்கர் பரிசை 1987-இல் பெற்ற முதல் ஜப்பானியர் அவர். அவருக்குப் பின் புமிஹிக்கோ மாக்கி, தடாவோ அண்டோ, கசுயோ செஜிமாவும் ரியுவே நிஷிசாவாவும் இணைந்த சானா, தோயோ இத்தோ, ஷிகெரு பான், அரத்தா இசோசாக்கி, ரிக்கென் யாமமோத்தோ என்று அந்த வரிசை 2024 வரை நீண்டிருக்கிறது.

நாகாகின் காப்சூல் கோபுரம் ஏன் இடிக்கப்பட்டது?

1960-இல் தோக்கியோவில் நடந்த உலக வடிவமைப்பு மாநாட்டையொட்டி, கியோனோரி கிக்குத்தாக்கே, கிஷோ குரோகாவா, மாக்கி முதலிய இளைஞர்கள் ‘மெட்டபாலிசம்’ என்னும் இயக்கத்தை அறிவித்தனர். நகரம் உயிருள்ள உடல். அதன் அணுக்கள் மாறிக்கொண்டே இருக்க வேண்டும் என்பது அவர்கள் கொள்கை. இசேயின் புதுப்பிப்பு மரபும் அவர்களின் எண்ணத்தில் இருந்தது. குரோகாவா 1972-இல் தோக்கியோவில் கட்டிய நாகாகின் கோபுரத்தில், இரண்டு மையக் கம்பங்களில் 140 அறைகள் பொருத்தப்பட்டன. ஒவ்வொன்றும் ஏறத்தாழ 10 சதுர மீட்டர் பரப்புள்ள எஃகுப் பெட்டி. வட்டச் சன்னல், மடக்கு மேசை, குளியலறை ஆகியவற்றுடன் ஆலையில் செய்யப்பட்டு, நான்கு போல்ட்டுகளால் கம்பத்தில் மாட்டப்பட்டது. இருபத்தைந்து ஆண்டுக்கு ஒருமுறை பெட்டியைக் கழற்றிப் புதியதை மாட்டலாம் என்பது திட்டம்.

ஒரு பெட்டிகூட மாற்றப்படவில்லை. பெட்டிகள் மிக நெருக்கமாக அமைந்திருந்ததால், ஒன்றை எடுக்க வேண்டுமானால் அதற்கு மேலுள்ளவற்றையும் அகற்ற வேண்டியிருந்தது. உரிமையாளர்கள் பலர், அவர்கள் அனைவரும் ஒருமித்துப் பணம் செலவிடுவது நடக்கவில்லை. அத்தகைய பெட்டிகளைத் தொடர்ந்து செய்யும் ஆலையும் இல்லை. கல்நார் கலந்த பொருள்கள் பழுது வேலையைக் கடினமாக்கின. கட்டடம் துருவேறி ஒழுகத் தொடங்கி, 2022-இல் கழற்றப்பட்டது. 23 பெட்டிகள் மட்டும் மீட்கப்பட்டன.

இசேயையும் நாகாகினையும் அடுத்தடுத்து வைத்துப் பார்க்கும்படி வாசகர்களை வேண்டுகிறேன். இரண்டுமே மாற்றத்தை ஏற்றுக்கொண்ட கட்டடங்கள். இசேயில் மரம் வளர்க்கும் காடும், கற்றுத்தரும் மூத்த தச்சரும், செலவை ஏற்கும் சமூகமும், மாறாத நாள்குறிப்பும் இருந்தன. நாகாகினில் மாற்றம் வரைபடத்தில் மட்டுமே இருந்தது.

தடாவோ அண்டோவின் வெறுங்கான்கிரீட் வேறெங்கும் காணாத மென்மையோடு இருப்பது எதனால்?

அச்சுப்பலகையால்தான். அவர் பயன்படுத்தும் பலகை ஏறத்தாழ 90 செ.மீ. அகலமும் 180 செ.மீ. நீளமும் உடையது, தத்தாமிப் பாயின் அளவை ஒட்டியது. நீர் கசியாதவாறு பலகைகளை இழைத்துப் பொருத்துவது தச்சரின் வேலை. கான்கிரீட்டின் முகம் அந்தத் தச்சரின் கைத்திறனையே பிரதிபலிக்கிறது. ஒசாக்காவில் 1976-இல் கட்டிய சுமியோஷி வரிசைவீட்டில், நடுப்பகுதியை வானம் பார்த்த முற்றமாக விட்டுவிட்டார். மழைக்காலத்தில் படுக்கையறையிலிருந்து கழிப்பறைக்குக் குடை பிடித்துத்தான் போக வேண்டும். வசதிக் குறைவு என்று பலர் கண்டித்தனர். இருந்தும் நெருக்கமான நகரத்தில் ஒரு குடும்பத்துக்கு வானத்தைத் தந்த அந்த முடிவு சரியானதே என்று நான் கருதுகிறேன்.

ஜப்பானில் வீடுகளை முப்பது ஆண்டுகளில் இடித்துவிடுகிறார்கள் என்பது உண்மையா?

பெருமளவு உண்மை. வரிக்கணக்கில் மர வீட்டின் பயன்காலம் 22 ஆண்டுகள். அதற்குப்பின் வீட்டுக்கு மதிப்பில்லை, மனைக்கே மதிப்பு என்ற எண்ணம் சந்தையில் வேரூன்றிவிட்டது. போருக்குப்பின் அவசரமாகக் கட்டிய வீடுகளின் தரமும் ஒரு காரணம். 1981-இலும் 2000-இலும் நிலநடுக்க விதிகள் கடுமையாக்கப்பட்டபோது, பழைய வீட்டை வலுப்படுத்துவதைவிட இடித்துக் கட்டுவதே எளிதாகத் தோன்றியது. மறுபுறம், 2023 கணக்கெடுப்பின்படி ஏறத்தாழ 90 இலட்சம் வீடுகள், அதாவது மொத்தத்தில் 13.8 விழுக்காடு, ஆளின்றிக் கிடக்கின்றன. ஆயிரம் ஆண்டுக் கோவில்களைப் பேணத் தெரிந்த நாட்டுக்கு இது பொருந்தாத நிலை.

இப்போது மரத்துக்குத் திரும்புகிறார்களா?

ஆம். போருக்குப்பின் நட்ட தேவதாரு, ஹினோக்கிக் காடுகள் முதிர்ந்திருப்பதால், பொதுக் கட்டடங்களில் மரத்தைப் பயன்படுத்த ஊக்கமளிக்கும் சட்டம் 2010-இல் இயற்றப்பட்டது. கெங்கோ குமா பங்கேற்று 2019-இல் முடித்த தேசிய விளையாட்டரங்கத்தின் இறவாணங்களில் 47 மாவட்டங்களின் மரமும் இடம்பெற்றுள்ளது. 2025 ஒசாக்கா உலகக் கண்காட்சிக்காகச் சோ புஜிமோத்தோ வடிவமைத்த, ஏறத்தாழ 2 கிலோமீட்டர் சுற்றளவுள்ள மரவளையத்தில், தூணைத் துளைத்துக் குறுக்குச்சட்டம் செல்லும் பழைய முறையை உலோக உறுப்புகளால் வலுவூட்டிக் கையாண்டனர்.

தமிழர் வாழும் நிலங்களோடு இக்கலைக்குத் தொடர்பு உண்டா?

இரண்டு தொடர்புகளை உறுதியாகச் சொல்லலாம். புதுச்சேரி அரவிந்தர் ஆசிரமத்தின் ‘கோல்கொண்டா’ விடுதியை வடிவமைத்த அந்தோனின் ரேமண்ட், அமெரிக்கக் கட்டடக் கலைஞர் ஃபிராங்க் லாயிட் ரைட்டுடன் ஜப்பானுக்கு வந்து தோக்கியோவில் தொழில் செய்தவர்; அவருடைய அலுவலகத்தில் பணியாற்றிய ஜார்ஜ் நாகாஷிமா புதுச்சேரியில் தங்கி வேலையை நடத்தினார். 1930-களின் இறுதியில் தொடங்கிய அக்கட்டடம், இந்தியாவின் தொடக்ககால நவீனக் கான்கிரீட் கட்டடங்களுள் ஒன்று. சன்னல்களுக்கு மாறாகத் திருப்பக்கூடிய கிடைப்பலகைகளும், அறைகளுக்குத் தேக்கில் செய்த தள்ளுகதவுகளும் அமைந்திருப்பதால், காற்று கட்டடத்தை ஊடுருவிச் செல்கிறது; வெயில் உள்ளே வருவதில்லை.

மற்றொன்று இலங்கையின் தென்கரையில் உள்ளது. 2004 சுனாமியில் வீடிழந்த கிரிந்த முஸ்லிம் மீனவக் கிராமத்துக்கு, அழுத்திய மண்கற்களாலும் ரப்பர் மரத்தாலும் ஷிகெரு பான் வீடுகளை வடிவமைத்துத் தந்தார். 1995-இல் கோபே நிலநடுக்கத்தின்போது காகிதக் குழல்களால் தற்காலிக வீடுகள் அமைத்தவர் அவர்.

ஜப்பானுக்குச் செல்வோர் எவற்றைப் பார்க்கலாம்?

நாட்கள் குறைவாக இருந்தால் நாராவிலேயே தங்கி, ஹோர்யூஜிக்கு ஒரு முழுநாளை ஒதுக்குவது நல்லது. கோபேயிலுள்ள தாக்கெனாகா தச்சுக்கருவி அருங்காட்சியகத்தில் இணைப்புகளையும் கருவிகளையும் நெருங்கி நின்று காணலாம். தோக்கியோவில் ரைட் வடிவமைத்த இம்பீரியல் ஹோட்டலின் முகப்பு, இனுயாமா நகரின் மெய்ஜி-முரா திறந்தவெளி அருங்காட்சியகத்தில் மீண்டும் பொருத்தப்பட்டிருக்கிறது. கட்சுரா மாளிகைக்குப் பேரரசக் குடும்ப நிர்வாகத்திடம் முன்கூட்டியே விண்ணப்பிப்பது நல்லது. தாய்-ஆன் தேநீர் அறையைப் பார்க்கவும் முன்பதிவு தேவை. இசேயின் முதன்மைச் சன்னிதிக்குள் பொதுமக்கள் செல்ல முடியாது, வேலிக்கு வெளியே நின்றுதான் வணங்க வேண்டும் என்பதையும் பயணத்தைத் திட்டமிடும்போது நினைவில் கொள்ளவும்.